பெண்கள் ஓட்டத்தைத் தடுத்த சட்டம்

(வளைகுடா நகரமான ஃபஹாஹீலின் தமிழர் பேரவை, 2007 மார்ச் மாதக் கடைசியில், ஒரு வெள்ளிக்கிழமை மாலை நடத்திய பாராட்டு விழாவில், காலணிக் கடை உரிமையாளர் கலீல் ரஹ்மான் ஆற்றிய உரை)

அலைகடல் கடந்து வந்த பிறகும் அன்னைத் தமிழை அகத்திலே ஏந்தி, இந்த அவைக்குத் தலைமை தாங்கி அமர்ந்திருக்கும் பெருமைக்குரிய பொறியாளர் அம்மையப்பன் அவர்களே! அர்ஃபஜ் இந்தியப் பள்ளியின் அரும்புகளை அன்போடும் அக்கறையோடும் வளர்த்து வரும் முதல்வர் அம்மையார் அவர்களே! விசிலை வாயிலிருந்து எடுத்தால் மட்டுமே பேச முடிகிற விளையாட்டு ஆசிரியர், என் அருமைத் தம்பி சுரேஷ்குமார் அவர்களே! நரையும் நல்லறிவும் நிறைந்த பெரியோர்களே! ஒரு கையில் குழந்தையும் மறு கையில் பால் புட்டியுமாக இருந்தாலும், காதை மட்டும் என் பக்கம் திருப்பி வைத்திருக்கும் தாய்மார்களே! மீனா அப்துல்லா கேம்பிலிருந்தும் மங்காஃப் கேம்பிலிருந்தும் கம்பெனி பஸ் ஏறி வந்து, நாற்காலி போதாமல் சுவரோரம் நிற்கிற என் உழைப்பாளித் தோழர்களே! எல்லோருக்கும் மேலாக, முன்வரிசையில் தலையைக் குனிந்துகொண்டு, 'இந்தக் கிழவர் எப்போது முடிப்பார்' என்று காத்திருக்கிற விழா நாயகி, செல்வி சந்தியா அவர்களே!

உங்கள் அனைவருக்கும் என் அஸ்ஸலாமு அலைக்கும். என் பணிவான வணக்கம்.

தலைவர் எனக்குப் பத்து நிமிடம் ஒதுக்கியிருக்கிறார். இந்த ஊரில் எந்த மேடையில் ஏறினாலும் எனக்குப் பத்து நிமிடம்தான் தருவார்கள். நானும் அரை மணி நேரம்தான் பேசுவேன். அது நமக்குள் இருக்கிற பழைய உடன்பாடு.

யார் இந்தச் சந்தியா? முதுகுளத்தூர்ப் பக்கத்துக் கரிசல் மண்ணிலிருந்து வந்து, மீனா அப்துல்லாவில் கிரேன் ஓட்டுகிற பாலகுருவின் மகள். அரசு மருத்துவமனையில் பதினோரு வருடமாக ஊசி போட்டுக்கொண்டிருக்கும் செவிலியர் ஜெயலட்சுமியின் மகள். சென்ற மாதம் ஷார்ஜாவில், வளைகுடா நாடுகளின் இந்தியப் பள்ளிகள் எல்லாம் கூடிய தடகளப் போட்டியில், இருநூறு மீட்டர் ஓட்டத்தில், ஆறு நாட்டுப் பிள்ளைகளோடு ஓடி வெள்ளிப் பதக்கம் வாங்கி வந்த வேங்கை! விருதோடு வந்த வீராங்கனை! நம் பள்ளியின் வரலாற்றில் ஒரு பெண் பிள்ளை ஓடி வாங்கிய முதல் பதக்கம்!

தட்டுங்கள், நன்றாகத் தட்டுங்கள். சுவரோரம் நிற்கிறவர்களே, உங்கள் கையெல்லாம் இரும்பு தூக்கிப் பழகிய கை, அந்தச் சத்தம் எனக்குக் கேட்க வேண்டும்.

இந்தக் கைதட்டலைக் கேட்கும்போது என் நெஞ்சு நிமிர்கிறது. இந்த மேடையில் நிற்பதே எனக்குப் பெருமையாக இருக்கிறது. ஆனால் தோழர்களே, இந்தப் பெண் ஓடவே கூடாது என்று அடித்துச் சொன்ன ஒருவனும் இந்த மண்டபத்துக்குள்தான் இருக்கிறான். அவன் யார் என்று தெரியாமல் இந்தப் பதக்கத்தின் அருமை உங்களுக்குத் தெரியாது. அவனையும் இன்று சொல்லிவிட்டுத்தான் இறங்கப் போகிறேன்.

நம் பள்ளி விளையாட்டு விழாவை நீங்கள் எல்லோரும் பார்த்திருக்கிறீர்கள். ஜனவரிக் குளிரில், கூதல் காற்றில், சுண்ணாம்புக் கோடு போட்ட மணல் தரையில் நடக்கும். ஆண் பிள்ளைகள் ஓடுவார்கள், தாண்டுவார்கள், குண்டு எறிவார்கள். பெண் பிள்ளைகள்? ஏழாம் வகுப்பு வரை ஓடலாம். எட்டாம் வகுப்பில் கால் வைத்துவிட்டால்? வாயில் கரண்டி, கரண்டியில் எலுமிச்சம்பழம்! அது விழாமல் அடி மேல் அடி வைத்து நடக்க வேண்டும். அது முடிந்தால் ஊசியில் நூல் கோக்கும் போட்டி. அதுவும் முடிந்தால் பாட்டு நாற்காலி. பதினேழு வருடம்! எத்தனை எலுமிச்சம்பழம்! எத்தனை ஊசி! எத்தனை நூல்கண்டு! அந்த நூலையெல்லாம் முடிச்சுப் போட்டிருந்தால் இங்கிருந்து பஸ்ரா வரைக்கும் போயிருக்கும்.

ஏன் இப்படி என்று கேட்டால் என்ன பதில்? 'சட்டம்.' இந்த ஊர்ச் சட்டம். வயது வந்த பெண் பிள்ளைகள் பொது மைதானத்தில் ஓடக் கூடாதாம். யார் போட்ட சட்டம்? எந்த வருடம் போட்டது? எந்தக் காகிதத்தில் இருக்கிறது? யாருக்கும் தெரியாது. யாராவது போய்க் கேட்டோமா? கேட்க மாட்டோம்! நாம் யார்? விசாவில் வாழ்கிறவர்கள். சிக்னலில் சிவப்பு விழுவதற்கு முன்பே பிரேக் போடுகிறவர்கள். சட்டம் என்ற ஒரு சொல்லைக் கேட்டால் போதும், அது மெய்யா பொய்யா என்று கூடப் பார்க்காமல் கையைக் கட்டிக்கொண்டு நிற்போம்.

என்ன, பின்னால் யாரோ 'கஃபீல்' என்கிறீர்கள்? ஆமாம் ஐயா, நமக்கு விசா கொடுத்த முதலாளி, அந்தக் கஃபீல் தும்மினால் நமக்குக் காய்ச்சல் வருகிறதல்லவா, அதைத்தான் சொல்கிறேன்.

சென்ற அக்டோபரில் சுரேஷ்குமார் மாஸ்டர் பள்ளிக்கூடத்து விளையாட்டுக் குழுவுக்கு ஒரு விண்ணப்பம் கொண்டுவந்தார். ஷார்ஜா போட்டியில் கலந்துகொள்ள ஒரு நிபந்தனை இருந்தது. பிள்ளை தன் சொந்தப் பள்ளி விளையாட்டு விழாவில் ஓடியிருக்க வேண்டும். இருநூறு மீட்டரை இருபத்தொன்பது வினாடிக்குள் முடித்ததாக இரண்டு பேர் கடிகாரம் பிடித்துக் கையெழுத்துப் போட்ட தாள் வேண்டும். சந்தியா பத்தாம் வகுப்பு. பரீட்சை முடிந்ததும் மேல்படிப்புக்கு ஊருக்குப் போகிற பிள்ளை. அடுத்த வியாழக்கிழமை அவளுக்கு விமானம். ஆக அவளுக்கு இருந்தது இந்த ஒரே ஒரு விளையாட்டு விழா. இதில் ஓடினால் ஷார்ஜா. இல்லையென்றால் இல்லை.

நம் பள்ளி விழாவில்தான் பெண் பிள்ளைகளுக்கு ஓட்டமே கிடையாதே, தாளுக்கு எங்கே போவது? மாஸ்டர் கையைப் பிசைந்துகொண்டு நின்றார். குழுவில் இருந்த எல்லோருக்கும் அந்தப் பிள்ளை மீது இரக்கம் இருந்தது. ஆனால் ஒரே ஒருவன் மேசையைத் தட்டிச் சொன்னான்: "மாஸ்டர், ஒரு புள்ளைக்காக ஸ்கூல் லைசென்ஸையே தூக்கிக் குடுக்கச் சொல்றியளா? சட்டம்னா சட்டந்தான். கலாஸ்."

அதோடு பேச்சு முடிந்தது. மாஸ்டர் விண்ணப்பத்தை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டு போய்விட்டார்.

ஆனால் ஒரு தாய் முடிக்கவில்லை. ஜெயலட்சுமி அம்மா பதினோரு வருடமாக இந்த ஊர்க்காரர்களுக்கு ஊசி போட்டவர். எத்தனை பெரிய மனிதராக இருந்தாலும் சட்டைக் கையை மடக்கச் சொல்லிப் பழகியவர். அவருக்கு என்ன பயம்? இரவு டியூட்டி முடித்த கையோடு, சீருடையைக் கூட மாற்றாமல், பள்ளிக்கூடங்களைக் கவனிக்கிற அலுவலகத்துக்குப் போனார். அங்கே இருந்த அதிகாரி ஒரு பெண்மணி. அவரிடம் அரபியிலேயே கேட்டார். எங்கள் பள்ளியில் பெரிய பெண்கள் ஓடக் கூடாது என்று சட்டம் இருக்கிறதாமே, அதிலிருந்து என் மகளுக்கு மட்டும் ஒரு விலக்கு வாங்க யாரிடம் மனுக் கொடுக்க வேண்டும்?

அந்த அதிகாரி பேனாவை மூடி வைத்துவிட்டுக் கேட்டாராம்: "யார் சொன்னது?"

"எல்லாரும் சொல்றாங்க."

"என் மகளே பள்ளிக்கூடத்தில் ஓடுகிறாள். இப்படி ஒரு சட்டமும் இங்கே கிடையாது. ஆம்புலன்ஸ் வண்டி ஒன்று நிறுத்தி வையுங்கள், போதும். இத்தனை வருடமாக உங்கள் பள்ளியிலிருந்து ஒருவர் கூட வந்து கேட்கவில்லையே?"

பார்த்தீர்களா! பதினேழு வருடத்துப் பூட்டைத் திறக்க அந்த அம்மாவுக்கு ஐந்து நிமிடம்தான் ஆனது. பூட்டே இல்லாத கதவின் முன்னால்தான் நாம் இத்தனை காலம் பயபக்தியோடு நின்றிருக்கிறோம்.

மறுவாரம் குழுக் கூட்டத்துக்கு ஜெயலட்சுமி அம்மா வந்தார். உட்காரவில்லை. நின்றுகொண்டே சொன்னார்: "கேட்டுட்டு வந்துட்டேங்க. அப்படி ஒரு சட்டமே இல்லையாம். எனக்கு ஒண்ணே ஒண்ணு மட்டும் சொல்லுங்க. யாரு சொன்னது?"

முதல்வர் அம்மையார், தான் சேர்ந்தபோதே அப்படித்தான் இருந்தது என்றார். அந்தக் குழுவுக்கும் தலைவரான அம்மையப்பன் அவர்கள், கோபித்துக்கொள்ளாதீர்கள் தலைவரே, "எனக்கு முன்னாடி இருந்தவரு சொன்னாரு" என்றார். மாஸ்டர் விசிலைப் பார்த்தார். கடைசியில் பீரோவைத் திறந்து பழைய கோப்பை எடுத்தார்கள். இந்த ஊரில் போர் வந்தது, நாம் எல்லோரும் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு ஓடினோம், பள்ளியின் பெஞ்சு போனது, மணி போனது, பதிவேடுகள் போயின. திரும்பி வந்து எல்லாவற்றையும் புதிதாக எழுதினோம். அப்படி எழுதிய விதிகளில், போருக்கும் சாகாமல் தப்பித்துவந்து உட்கார்ந்திருந்தது அந்த ஒரு வரி. 'இந்நாட்டுச் சட்டத்தின்படி, எட்டாம் வகுப்பு முதல் மாணவிகளுக்கு ஓட்டப் பந்தயம் கிடையாது.' அடியில் பச்சை மையில் ஒரு கையெழுத்து.

யாருடைய கையெழுத்து? சொல்லட்டுமா?

சூக் கடைவீதியில் முப்பது வருடமாகச் செருப்புக் கடை வைத்திருக்கிறானே, விளையாட்டு விழாவில் முதல் வருடத்திலிருந்து மைக் பிடித்து அறிவிப்புச் செய்கிறானே, மேசையைத் தட்டிக் கலாஸ் என்றானே, அந்தக் கலீல் ரஹ்மானுடைய கையெழுத்து. உங்கள் முன்னால் நிற்கிற இந்தக் கிழவனுடைய கையெழுத்து.

ஆமாம், நானேதான். அன்றைக்குக் கூட்டத்திலும் எல்லோரும் இப்படித்தான் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள்.

முழுவதையும் சொல்லிவிடுகிறேன். 1990 ஜனவரி, பள்ளியின் முதல் விளையாட்டு விழா. நமக்கென்று மைதானம் இல்லை. கடலோரத்தில் ஒரு திறந்தவெளியைக் கேட்டு வாங்கியிருந்தோம். வெள்ளிக்கிழமை காலை. எல்லாமே தாமதம். ஜும்ஆத் தொழுகைக்கு ஒரு மணி நேரம்கூட இல்லை. ஆண் பிள்ளைகளின் தொடரோட்டம் பாக்கி, பரிசு வழங்கல் பாக்கி, சிறப்பு விருந்தினர் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே இருக்கிறார். பெரிய வகுப்புப் பெண் பிள்ளைகள் எட்டுப் பேர் இருநூறு மீட்டர் ஓட்டத்துக்குக் கோட்டில் வந்து நிற்கிறார்கள். அந்த நேரம் பார்த்து ஒரு போலீஸ் வண்டி வந்து நின்றது. போலீஸ்காரர் இறங்கி, என் மைக் மேசைக்கு வந்து, மரியாதையாகத்தான் கேட்டார். இரண்டு கார்கள் பாதையை மறித்து நிற்கின்றன, எடுக்கச் சொல்லுங்கள் என்றார். அவ்வளவுதான். கார்களை எடுத்தார்கள். அவரும் சலாம் சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

எனக்குத் தலை கால் புரியவில்லை. போலீஸ் வந்ததில் ஒரு படபடப்பு, நேரம் போகிறதே என்று ஒரு பதற்றம். எதையாவது வெட்ட வேண்டும். எதை வெட்டுவது? பெண் பிள்ளைகள் ஓட்டத்தை வெட்டினால் யார் கேட்கப் போகிறார்கள் என்று தோன்றியது. மைக்கில் ரத்து என்று அறிவித்தேன். ஆனால் கேட்டுவிட்டார்கள்! தாய்மார்கள் நாலைந்து பேர் வந்து, "ஏன் பாய், புள்ளைங்க நிக்கிதுங்களே" என்றார்கள். அவர்கள் வாயை அடைக்க என் வாயில் ஒரு சொல் வந்தது. "இந்த ஊர்ச் சட்டம்மா. போலீஸ் வந்ததப் பாத்தியள்ல?"

அவ்வளவுதான் நான் சொன்னது. அந்த ஒரு வாய்ப்பொய், வாய்க்கு வாய் பரவி ஊர்ப்பேச்சானது, போருக்குப் பிறகு விதியானது, பத்து வருடத்தில் சட்டமானது. இதில் பெரிய வேடிக்கை என்ன தெரியுமா? சொன்ன எனக்கே அது பொய் என்பது மறந்து போனது. அக்டோபரில் மேசையைத் தட்டினேனே, சத்தியமாக நம்பித்தான் தட்டினேன்! பச்சை மையைப் பார்த்த பிறகுதான் அந்தப் போலீஸ்காரர் முகம் ஞாபகத்துக்கு வந்தது.

கூட்டத்தில் எழுந்து எல்லாவற்றையும் சொன்னேன். ஜெயலட்சுமி அம்மா என்னைக் காறித் துப்பியிருந்தாலும் வாங்கிக்கொண்டிருப்பேன். அவர் என்ன சொன்னார் தெரியுமா? "சரி பாய். இப்ப ஓட விடலாமா?" அவ்வளவுதான். டியூட்டிக்கு நேரமாகிவிட்டது என்று போய்விட்டார். தாயே, அந்தப் பெருந்தன்மைக்கு முன்னால் என் தலை இன்னும் நிமிரவில்லை.

ஜனவரி வந்தது. பதினேழு வருடத்துக்குப் பிறகு, பெரிய பெண் பிள்ளைகள் ஆறு பேர் இருநூறு மீட்டர் கோட்டில் நின்றார்கள். பொட்டு வைத்த பிள்ளையும் நின்றாள், முக்காடிட்ட பிள்ளையும் நின்றாள், சிலுவைச் சங்கிலி போட்ட பிள்ளையும் நின்றாள். எல்லோரும் முழுக்கால் சட்டை, முழுக்கைச் சட்டை. யாருக்கும் எந்தக் குறையும் இல்லை! பாலகுருவுக்கு அன்று டியூட்டி. லீவு கேட்டதற்கு 'மாஃபி', கிடையாது என்று சொல்லிவிட்டார்களாம். சைட்டில் ஒரு மணி நேரம் அனுமதி வாங்கிக்கொண்டு, ஹெல்மெட்டோடு வேலியோரம் வந்து நின்றார். கூடவே அவருடைய கேம்ப் தோழர்கள் பன்னிரண்டு பேர். சொந்தப் பிள்ளைகளை ஊரில் விட்டுவிட்டு வந்தவர்கள், அத்தனை பேரும் அன்று சந்தியாவுக்குத் தகப்பனாக நின்றார்கள்.

மாஸ்டர் விசில் ஊதினார். ஓடினார்கள்! மணல் பறக்க ஓடினார்கள்! வளைவைத் தாண்டி வந்தார்கள். நாடா தெரிந்தது. அங்கேதான் தோழர்களே, அது நடந்தது. நாடாவுக்கு நாலடி முன்னால் ஐந்து பிள்ளைகள் வேகத்தைக் குறைத்தார்கள். ஏன்? எலுமிச்சம்பழ ஓட்டத்தில் பழகிய கால்கள்! கோட்டருகே மெதுவாக வந்து, பழம் விழாமல் நிற்க வேண்டும் என்று நாம் சொல்லிக் கொடுத்த கால்கள்! கரண்டி இல்லாத வாயோடு, பழமே இல்லாத பழத்தைக் காப்பாற்றிக்கொண்டு நின்றார்கள் நம் பிள்ளைகள். அதைப் பார்த்து அழாதவன் மனிதனா? நான் அழுதேன். மைக் திறந்திருந்ததால் ஊரே கேட்டது.

சந்தியா மட்டும் நிற்கவில்லை. நாடாவை மார்பில் வாங்கிக்கொண்டு, அதையும் தாண்டி, வேலி வரைக்கும் ஓடினாள். அவள் அப்பா ஹெல்மெட்டைத் தூக்கி வானத்தில் எறிந்தார். இரண்டு கடிகாரத்தையும் பார்த்தோம். இருபத்தெட்டுப் புள்ளி ஆறு வினாடி! கையெழுத்துப் போட்ட தாள் ஷார்ஜாவுக்குப் போனது. தாளின் பின்னாலேயே சந்தியாவும் போனாள். பதக்கத்தோடு வந்தாள்.

மற்ற ஐந்து பேரும் தோற்றவர்களா? இல்லை அம்மா, இல்லை! அவர்கள் இப்போது தினமும் சாயங்காலம் மாஸ்டரிடம் நாடாவைத் தாண்டி ஓடப் பழகுகிறார்கள். என் கடையில் முப்பது வருடத்தில் ஒரு பெண் பிள்ளைக்கும் ஓட்டக் காலணி விற்றதில்லை. இந்த இரண்டு மாதத்தில் இருபத்தோரு ஜோடி போயிருக்கிறது. வியாபாரத்துக்காகச் சொல்லவில்லை, ஏன் சிரிக்கிறீர்கள்? சரி, கொஞ்சம் அதற்கும்தான்.

இப்போது முடிக்க வேண்டும். தலைவர் சீட்டு அனுப்பிவிட்டார். ஆனால் இன்னும் ஒன்று பாக்கி இருக்கிறது. அதைச் சொல்லத்தான் இன்று இந்த மேடைக்கே வந்தேன்.

1990இல் கோட்டில் நின்ற எட்டுப் பெண்களில் ஒருத்தி என் மகள் நஜீஹா. அப்போது ஒன்பதாம் வகுப்பு, பதினான்கு வயது. வெறுங்காலோடு, கீழே குனிந்து, ஓடத் தயாராக நின்றவள். போருக்குப் பிறகு ஊரில் படித்தாள், மணமானாள், கணவரோடு மறுபடி இங்கே வந்தாள். அதோ, ஐந்தாவது வரிசையில் தன் மகளோடு உட்கார்ந்திருக்கிறாள். பச்சைக் கையெழுத்தைப் பார்த்த அன்று மாலை நேரே அவள் வீட்டுக்குத்தான் போனேன். நடந்ததைச் சொன்னேன். "அது சட்டமில்லம்மா. வாப்பா பொய் சொல்லிட்டேன்" என்றேன்.

அவள் தேநீரைக் கொண்டுவந்து வைத்துவிட்டுச் சொன்னாள்: "எனக்கு அன்னைக்கே தெரியும் வாப்பா."

"எப்படிம்மா?"

"உங்க மேசைக்குப் பக்கத்துலதானே கோடு. அந்தப் போலீஸ்காரரு காரைப் பத்தித்தானே பேசுனாரு? நான் இங்கேயே பொறந்து வளந்தவ. எனக்கு அரபி தெரியாதா?"

"பின்ன ஏம்மா ஒரு வார்த்த சொல்லல?"

"எல்லாரும் உங்க வாயத்தான பாத்துக்கிட்டு நின்னாக. அத்தன பேரு முன்னாடி, எங்க வாப்பா பொய் சொல்றாகன்னு நான் எப்படிச் சொல்லுவேன்?"

தோழர்களே! தாய்மார்களே! பதினான்கு வயதுப் பிள்ளை, தன்னுடைய ஓட்டத்தை விட்டுக் கொடுத்து என் மானத்தைக் காப்பாற்றினாள். பதினேழு வருடம் ஒரு முணுமுணுப்பு இல்லை. அவள் மட்டுமா? இந்தப் பள்ளியில் படித்த நூற்றுக்கணக்கான பெண்கள், ஓட முடிந்த கால்களோடு நம் சொல்லுக்கு மரியாதை கொடுத்து நின்றார்கள். நின்றவர்களால் ஓட முடியாமல் இல்லை. நம் மீது அன்பு இருந்ததால் நின்றார்கள். அந்தப் பெண்கள் எல்லோரிடமும் இந்த அவையின் முன்னால் நான் மன்னிப்புக் கேட்கிறேன்.

அழைப்பிதழில், சந்தியாவுக்குக் கேடயம் வழங்குபவர் என்று என் பெயரை அச்சடித்திருக்கிறார்கள். வயதுக்குக் கொடுத்த மரியாதை அது, நன்றி. ஆனால் அந்தக் கேடயத்தைத் தொடும் தகுதி இந்தக் கைக்குக் கிடையாது. இந்த மண்டபத்தில் அதற்குத் தகுதியான கை ஒன்று இருக்கிறது.

பொறுமையோடு கேட்ட அவைக்கும், நேரத்தை மறந்தது போல் நடித்த தலைவருக்கும், கேட்கத் துணிந்த தாய்க்கும், நிற்காமல் ஓடிய மகளுக்கும் என் நெஞ்சார்ந்த நன்றி. உங்கள் எல்லோர் மீதும் இறைவனின் சாந்தி நிலவட்டும். வணக்கம்.

நஜீஹா, எழுந்து வாம்மா. ஓடியே வா. இங்கே ஒரு சட்டமும் கிடையாது.